காட்டுபவனின் கடன்

கலையைப் படைப்பவன் ஒருவன். அதனைக் கண்டும் கேட்டும் துய்ப்பவன் மற்றொருவன். இவ்விருவருக்கும் இடையே நின்று, ஒருவனது ஆக்கத்தை மற்றவனது கண்முன் கொண்டுவந்து வைக்கும் மூன்றாமவன் ஒருவனும் உளன். முற்காலத்தில் அவன் ஏடெழுதுவோனாகவும் உரையாசிரியனாகவும் இருந்தான். நமது காலத்தில் அவன் பெரும்பாலும் கமராவைத் தோளில் ஏந்தியவனாக இருக்கின்றான். கலை, பண்பாடு ஆகியன பற்றித் தொலைக்காட்சிக்கும் திரைக்கும் விவரணப்படம் ஆக்குவதையே வாழ்க்கைத் தொழிலாகக் கொண்ட ஒருவனைக் குறித்து நாம் வழக்கமாக எழுப்பும் வினாக்கள் இரண்டு. அவன் சொல்வன உண்மையா? அவன் காட்டுவன அழகாக உள்ளனவா? இவற்றுக்கு அப்பால் மூன்றாவது வினாவொன்றும் உண்டு. தான் காட்டாது விட்டவற்றுக்கு அவன் எவ்வளவு தூரம் பொறுப்பாளி? இதனை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வினா எனக்கு நூல்களின் வழியே எழவில்லை. யாழ்ப்பாண நகருக்குக் கிழக்கே, கண்டி வீதி செம்மணி வெளியை நோக்கிச் செல்லும் வழியில் உள்ள அரியாலை எனது ஊர். பாடநெறி ஒப்படை ஒன்றுக்காக அவ்வூர் முதியவர் ஒருவரைப் பற்றிப் பன்னிரண்டு நிமிட விவரணப்படம் ஒன்றை ஆக்கினேன். இளமையில் இசைநாடக மேடைகளில் பெண்பாத்திரம் ஏற்றவர் அவர். அரிச்சந்திர மயானகாண்டத்தில் சந்திரமதியாக நின்று, இறந்த மகனை மடியில் கிடத்தி அவர் பாடத் தொடங்கினால், முன்வரிசைப் பெண்கள் சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொள்வார்களாம். எண்பது வயதைக் கடந்தும் அவர் குரலில் சுருதி விலகவில்லை. நான்கு மணி நேரத்துக்கு மேலாக அவர் பேசியதையும் பாடியதையும் பதிவுசெய்தேன். பின்னர் அதனை வெட்டிச் சுருக்கிப் படமாக்கி, அவர் வீட்டு விறாந்தையிலேயே அவருக்குப் போட்டுக் காட்டினேன்.

படம் முடிந்ததும் அவர் சற்றுநேரம் பேசாதிருந்தார். பிறகு சொன்னார்: “விடிய விடிய நடந்த நாடகம் தம்பி அது. உன்ரை படத்திலை பன்னிரண்டு நிமிஷத்திலை விடிஞ்சு போச்சு.” நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. “நான் செத்தாப் பிறகும் உது இருக்கும். அப்ப சனம் உதைத்தான் நாடகமெண்டு நினைக்கும்” என்றார்.

அவ்வாக்கில் சினம் இருக்கவில்லை, குற்றச்சாட்டு இருந்தது. அதன் பாரத்தை அளந்தறிவதற்கு, இத்தொழிலில் மிக உயர்ந்த இடம் பெற்ற ஒருவரின் வாழ்வை முதலில் எடுத்து நோக்குதல் பயன்தரும்.

கெனத் கிளார்க் 1903 இல் பிரித்தானியாவில் செல்வக் குடியிற் பிறந்தவர், கலை வரலாற்றறிஞர். முப்பது வயதிலேயே இலண்டன் தேசிய ஓவியக்கூடத்தின் பணிப்பாளராக நியமனம் பெற்றார். இரண்டாம் உலகப்போர் மூண்டபோது அக்கூடத்து ஓவியங்கள் இலண்டனிலிருந்து அகற்றப்பட்டு, பின்னர் வேல்ஸ் நாட்டு மலையொன்றின் கற்சுரங்கத்துள் பாதுகாக்கப்பட்டன. குண்டுவீச்சுக்கு உள்ளான நகரத்து மக்களின் பொருட்டு மாதத்துக்கு ஓர் ஓவியம் மட்டும் திரும்பக் கொணரப்பட்டுக் காட்சிக்கு வைக்கப்பட்டது. ஒரே ஓர் ஓவியத்தைக் காண மக்கள் வந்தனர். கலையைக் காட்டுதல் ஒரு பொதுக்கடமை என்னும் எண்ணம் கிளார்க்கின் உள்ளத்தில் வேரூன்றியிருந்தமைக்கு இது தக்க சான்றாகும். 1954 இல் பிரித்தானியச் சுயாதீனத் தொலைக்காட்சி அதிகாரசபையின் முதலாவது தலைவரானார். அதன்பின் தாமே திரையில் தோன்றிக் கலைபற்றிப் பேசலானார். 1969 இல் பி.பி.சி.யின் இரண்டாவது அலைவரிசையில் பதின்மூன்று பகுதிகளாக ஒளிபரப்பான ‘நாகரிகம்’ என்னும் தொடர் அவரை உலகறிந்தவராக்கிற்று. அவரை அப்பணிக்கு அழைத்தவர், அந்நாளில் அவ்வலைவரிசைக்குப் பொறுப்பாயிருந்த டேவிட் அற்றன்பரோ.

அத்தொடரின் தொடக்கம் நம்மவர் சிந்தனைக்குரியது. உரோமப் பேரரசு வீழ்ந்த பின்னர் ஐரோப்பியக் கல்வி ஏறக்குறைய அற்றுப்போகும் நிலையை எய்தியதையும், அத்திலாந்திக் சமுத்திரத்துப் பாறைத்தீவுகளில் ஒதுங்கிய துறவியர் சிலரால் அது பிழைத்ததையும் முதற்பகுதி கூறுகின்றது. ஒரு பண்பாட்டின் உயிர், சில வேளைகளில், ஓரத்தில் இருக்கும் சிலர் கையில் தங்கிவிடுகின்றது என்பதை அவர் நன்கு உணர்ந்திருந்தார்.

இருப்பினும் அவர் தொடர் மேற்கு ஐரோப்பாவையே பெரிதும் சுற்றிநின்றது. ஸ்பெயின் தேசம் அதில் உரிய இடம் பெறவில்லையென அக்காலத்திலேயே குறை கூறப்பட்டது. ஆசியாவும் ஆபிரிக்காவும் அதன் எல்லைக்குள் வரவில்லை. ‘நாகரிகம்’ என்னும் பெருஞ்சொல்லின் அடியில், இது ஒருவரது தனிநோக்கு என்னும் உபதலைப்பைக் கிளார்க் இட்டிருந்தார் என்பதையும் நேர்மையுடன் குறிப்பிடல் வேண்டும். தாம் நிற்கும் இடத்தை அவர் மறைக்கவில்லை. ஆயினும் பெருஞ்சொல் பரவிய அளவுக்கு உபதலைப்புப் பரவுவதில்லை.

மூன்றாண்டுகளுக்குள் அவருக்கு மறுமொழி பிறந்தது. 1972 இல் ஜோன் பேர்ஜர் அதே பி.பி.சி.யில் ‘காணும் முறைகள்’ என்னும் நான்கு பகுதித் தொடரை வழங்கினார். கேயின்ஸ்பரோ தீட்டிய ஆன்ட்றூஸ் தம்பதியரின் ஓவியம் இவ்விருவரின் வேறுபாட்டைத் தெளிவாக்கும். வயலோரத்து மரத்தடியில் கணவனும் மனைவியும் உள்ளனர். பின்னணியில் விளைநிலம் விரிந்து கிடக்கின்றது. இயற்கையின்பால் ஓவியன் கொண்ட காதலை அதிற் கண்டவர் கிளார்க். அத்தம்பதியர் அந்நிலத்தின் உடைமையாளர் என்பதையும், அவ்வுடைமைப் பெருமிதம் அவர்தம் முகத்திலேயே எழுதப்பட்டுள்ளது என்பதையும் சுட்டியவர் பேர்ஜர். ஓவியம் ஒன்றே. ஒருவர் கண்ட வயலின் வேலியை மற்றவர் கண்டார். பின்னர், 2018 இல், அதே நிறுவனம் ‘நாகரிகங்கள்’ எனப் பன்மையில் தலைப்பிட்டு, மூன்று வரலாற்றறிஞர் வழங்கிய புதிய தொடரொன்றை வெளியிட்டது. ஐரோப்பாவுக்கு வெளியே உள்ள கலைகளும் அதில் இடம்பெற்றன.

இவ்வரலாறு ஓர் உண்மையை உணர்த்துகின்றது. கிளார்க் விட்டவற்றைப் பேர்ஜர் எடுத்தார். இருவரும் விட்டவற்றைப் பின்வந்தோர் எடுத்தனர். இது எவ்வாறு கூடிற்று? ஓவியங்கள் சுரங்கத்துள் காக்கப்பட்டன. ஏடுகள் நூலகங்களில் இருந்தன. மூலப்பொருள் அழியாதிருந்தமையால் ஒருவரது பிழையை இன்னொருவர் திருத்த முடிந்தது. அத்தகைய சூழலில் விவரணப்பட ஆசிரியனின் தெரிவு ஒரு கருத்து மாத்திரமே. கருத்துக்கு மறுப்பு உண்டு. மறுப்புக்கு அரங்கும் உண்டு.

நமது நிலை யாது? 1981 மே மாத இறுதியிலும் யூன் முதல்நாளிலுமாக யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரியூட்டப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் கையெழுத்துப் பிரதிகளும் சாம்பராயின. 1995 ஒக்ரோபர் 30 இல் வலிகாமத்து மக்கள் ஒருசேர இடம்பெயர்ந்தபோது, அவர்கள் நாவற்குழி நோக்கிச் சென்ற பெருவழி எங்கள் ஊரை ஊடறுக்கும் கண்டி வீதியே. மழையில் நனைந்தபடி கையில் அகப்பட்டவற்றோடு சென்ற அக்கூட்டத்தில் நான் மேலே கூறிய முதியவரும் ஒருவர். அவருடைய மேடைப் புகைப்படங்களும் நாடகக் கொப்பிகளும் சரிகைச் சேலைகளும் இருந்த தகரப்பெட்டி வீட்டிலேயே நின்றுவிட்டது. திரும்பி வந்தபோது வீட்டிற்குக் கூரை இல்லை, பெட்டியும் இல்லை. அவரோடு ஆர்மோனியம் வாசித்தவர் இடம்பெயர்ந்த இடத்திலேயே காலமானார். ஆகவே அவருடைய நாடக வாழ்வுக்கு எஞ்சிய சான்றுகள் இரண்டே. ஒன்று அவரது நினைவு. மற்றது எனது பன்னிரண்டு நிமிடங்கள்.

இக்கட்டுரையின் மையக்கருத்து இதுவேயாகும். பதிவுகள் பல உள்ள இடத்தில் தெரிவு என்பது கருத்து. பதிவு ஒன்றே எஞ்சும் இடத்தில் தெரிவு என்பது தீர்ப்பாகிவிடுகின்றது. மேன்முறையீடு அற்ற தீர்ப்பு. இலண்டனில் ஒருவன் செய்தால் குறையெனப்படும் செயலை அரியாலையில் ஒருவன் செய்தால் அது ஒருவகை அழிவாகவும் ஆகலாம். ஆதலால் விவரணப்பட ஆசிரியனின் பொறுப்பு அவனது புகழின் அளவைப் பொறுத்ததன்று. அவன் எடுத்துக்கொண்ட பொருளுக்கு வேறு சாட்சிகள் எத்தனை உள என்பதைப் பொறுத்தே அது கூடவும் குறையவும் செய்கின்றது.

தாமதித்து வந்த கமராவின் துயரத்தை நம் கலையுலகம் பலமுறை கண்டுள்ளது. பரத நாட்டியப் பேரொளியான பாலசரஸ்வதியைச் சத்தியஜித் ராய் 1935 இல், தாம் பதினான்கு வயதுச் சிறுவனாயிருந்தபோது, கல்கத்தாவிற் கண்டார். ‘பாலா’ என்னும் விவரணப்படத்தை அவர் ஆக்கியது 1976 இல். கடற்கரையில், காற்று ஆடையை அலைக்கழிக்க ஆடும் அம்மையாருக்கு அப்பொழுது ஐம்பத்தெட்டு வயது. படம் அரியது, அதனைப் பெற்றமை நமது பேறு. எனினும், சிறுவனாக ராய் கண்ட ஆட்டம் அதில் இல்லை. அதனைக் காட்ட எவராலும் இயலாது.

நமது மண்ணுக்கு இன்னும் நெருங்கிய எடுத்துக்காட்டு ஒன்றுண்டு. தவில் மேதை யாழ்ப்பாணம் தட்சிணாமூர்த்தி 1933 இற் பிறந்து 1975 இல் மறைந்தார். இலங்கையில் தொலைக்காட்சி தொடங்கியது 1979 இலேயே. ரூபவாஹினி 1982 இல் வந்தது. ஈழத்திலும் தமிழகத்திலும் இசையுலகு போற்றிய அக்கைகள் வாசித்த காலத்தில், அவற்றைப் பதிவுசெய்வதற்குரிய ஊடகம் நம்மிடம் இருக்கவில்லை. அவர் மறைந்து நாற்பது ஆண்டுகள் சென்ற பின்னர், தமிழகத்து இயக்குநர் அம்ஷன் குமார் அவரைப்பற்றி ஒரு விவரணப்படம் ஆக்கினார். அது இந்திய அரசின் தேசியத் திரைப்பட விருதினையும் பெற்றது. பாரதி, அசோகமித்திரன், மணக்கால் ரங்கராஜன் எனக் கலைஞர்களையும் எழுத்தாளர்களையும் தொடர்ந்து படமாக்கி வந்தவர் அவர். மறைந்த வாத்தியக் கலைஞனைப் படமாக்குபவன், எஞ்சிய ஒலிப்பதிவுகளையும் அவனை அறிந்தோரின் வாய்மொழியையும் கொண்டே அவனை மீட்டெடுத்தல் வேண்டும். கேட்டோர் முகத்தில் இன்றும் தங்கியுள்ள வியப்பே அங்குச் சாட்சி. நேரே காட்ட முடியாததைக் காட்டமுடியாததாகவே ஒப்புக்கொண்டு, அதனைச் சுற்றி நிற்பவற்றைத் தேடிச் சேர்க்கும் அடக்கம் இத்தகைய படத்துக்கு இன்றியமையாதது.

இவ்விடத்தில் எழக்கூடிய தடைகள் இரண்டு. முதலாவது: தெரிவின்றிப் படமில்லை, எல்லாவற்றையும் காட்டுவதெனின் வாழ்வையே மீள வாழவேண்டும், எனவே விட்டவற்றுக்காக எவரையும் குறைகூறல் தகாது என்பதாகும். தெரிவு இன்றியமையாதது என்பது உண்மையே. ஆயினும் தெரிவு இன்றியமையாததாயின், தெரிவின் காரணம் பற்றிய விசாரணையும் இன்றியமையாததாகின்றது. நான் வெட்டியவை எவை என்பதைப் பின்னர் பட்டியலிட்டுப் பார்த்தேன். மூன்று இடங்கள் என்னை உறுத்தின.

ஆர்மோனியக்காரரைப் பற்றி அவர் பேசிய அரைமணி நேரத்தை வெட்டியிருந்தேன். அது ‘விடயத்துக்குப் புறம்பு’ எனத் தோன்றிற்று. மயானகாண்டப் பாடலின் நடுவே அடி மறந்து ஏறத்தாழ ஒரு நிமிடம் அவர் நின்றதை வெட்டியிருந்தேன். அது ‘ஓட்டத்தைத் தடுத்தது’. மூன்றாவதைச் சொல்லவே நாணுகின்றேன். தமது இளமையில், ஒரு கோயில் வீதியில் நாடகம் நடந்தபோது பாயில் இருந்து பார்த்தவர் யார், பெற்றோமக்ஸ் வெளிச்சம் எட்டாத வேலிக்கு அப்பால் நின்று பார்த்தவர் யார் என்பதைச் சாதிப் பெயர்களோடு அவர் விவரித்திருந்தார். வேலிக்கு அப்பால் நின்றோரிடையேயும் அப்பாடல்களை மனனமாய்ப் பாடவல்லோர் இருந்தனர் என்றும் கூறினார். ‘கலைக்கு இது சம்பந்தமில்லை’ என்று எனக்கு நானே சொல்லி அதனை நீக்கினேன். கேயின்ஸ்பரோவின் வயலில் வேலியைக் காணாதவரைக் குறைகூறும் விரிவுரைகளைக் குறிப்பெடுத்த அதே கை, சொந்த ஊரின் வேலியைத் துடைத்தெறிந்தது. அம்முதியவர் அதனை மறைக்க விரும்பவில்லை. மறைக்க விரும்பியவன் நான். எனது ஊர் அழகாகத் தோன்ற வேண்டும் என்பதே எனது உண்மையான காரணம். இது தெரிவின் இன்றியமையாமையால் நேர்ந்த குறையாகாது. எனது தன்னலத்தால் நேர்ந்த குறையாகும்.

இரண்டாவது தடை இதனினும் வலியது. உள்ளது உள்ளபடி காட்டுதல் கலைஞனின் மானத்துக்கு ஊறு செய்யாதா? அடி மறந்து நின்ற முதியவரின் தடுமாற்றத்தை உலகறியக் காட்டுவது கொடுமையல்லவா? இதனை எளிதில் ஒதுக்கிவிட இயலாது. உண்மையின் பெயரால் முதுமையையும் வறுமையையும் விற்பனைப் பொருளாக்கும் படங்களையும் நாம் கண்டுள்ளோம். கமரா வைத்திருப்பவனுக்கும் அதன்முன் இருப்பவனுக்கும் இடையில் ஆற்றற் சமத்துவம் இல்லை. எனவே இவ்விடத்தில் முடிவெடுக்கும் உரிமை படமாக்குவோனுக்கு மாத்திரம் உரியதன்று. கேட்டறிதல் வேண்டும். நான் பின்னர் கேட்டேன். “அதை ஏன் வெட்டினனி? மறந்து போனதைத் தேடிப் பிடிச்சுத் திரும்பப் பாடினனானே. அதுவல்லோ வித்தை” என்றார் அவர். நான் தோல்வியெனக் கருதியதை அவர் தமது ஆற்றலின் நிரூபணமாகக் கருதியிருந்தார். அவரது மானத்தைக் காப்பதாக எண்ணி அவரது பெருமையைக் களைந்திருந்தேன்.

அவ்வாறாயின் காட்டுபவன் பின்பற்றத்தக்க நெறிதான் யாது? இதற்கு மேனாட்டு நூல்களைத் தேடி நெடுந்தூரம் செல்லவேண்டியதில்லை. ஏடு தேடி அலைந்த நம் முன்னோர் அந்நெறியைக் கைக்கொண்டிருந்தனர். சிறுப்பிட்டியிற் பிறந்த சி. வை. தாமோதரம்பிள்ளை 1887 இற் கலித்தொகையைப் பதிப்பித்தார். தொட்டால் உதிரும் நிலையில் ஏடுகள் இருந்ததை அதன் பதிப்புரையில் விளக்கினார். உ. வே. சாமிநாதையர் 1894 இற் புறநானூற்றை வெளியிட்டார். அவர்களும் மறைந்துகொண்டிருந்த ஒன்றின் இறுதிச் சாட்சிகளாக நின்றவர்களே. அவர்கள் செய்தது யாது? ஏடுகள் மாறுபட்ட இடத்தில் பாடபேதம் காட்டினர். சொல் சிதைந்த இடத்தைச் சிதைந்ததாகவே விட்டனர். புறநானூற்றின் நானூறு பாடல்களுள் 267 ஆம் பாடலும் 268 ஆம் பாடலும் கிடைக்கவில்லை. அவ்வெண்கள் இன்றும் பதிப்புகளில் வெறுமையாகவே நிற்கின்றன. முந்நூற்றுத் தொண்ணூற்றெட்டு எனத் தொடர்ந்து எண்ணிட்டு அந்த இழப்பை மறைத்திருக்கலாம். தாமே இரண்டு பாடல்களை இயற்றிச் சேர்க்கவல்ல புலமையும் அக்காலத்தார்க்கு இல்லாமலில்லை. எனினும் வெற்றிடத்தை வெற்றிடமாகவே நமக்குத் தந்தனர். ஏட்டில் இல்லாததை இல்லையெனச் சொல்லும் அந்நேர்மையே, இருப்பதாக அவர்கள் தந்த எஞ்சியவற்றின்மீது நமக்கு நம்பிக்கையை உண்டாக்குகின்றது.

விவரணப்படம் ஆக்குவோனும் இந்நெறியை மேற்கொள்ள இயலும். எங்கே வெட்டினான் என்பதை அவன் படத்திலேயே உணர்த்தலாம். எவரைக் கேட்கவில்லை, எதனைப் பெறமுடியவில்லை என்பவற்றைச் சொல்லலாம். வெட்டப்பெற்ற பகுதிகளை அழிக்காது, பின்வருவோர் ஆராயத்தக்க ஓரிடத்தில் ஒப்படைக்கலாம். தன்னை மறுத்துரைக்க வேண்டிய நாளைய பேர்ஜருக்கு வேண்டிய மூலப்பொருளைத் தானே சேமித்து வைத்தல் அவன் கடன். மறுப்புக்கு இடம்வைத்துப் படைக்கப்பட்ட படமே தீர்ப்பாக இறுகாது கருத்தாக நிலைபெறும்.

இவ்வாறு எழுதுவதால் என் பிழை நேராகிவிடாது. ஒப்படை முடிந்து புள்ளியும் கிடைத்தது. அதன் பின்னரும் நான் படத்தை மீண்டும் தொகுத்தேன். அது இப்போது ஐம்பது நிமிடங்கள் ஓடுகின்றது. அடி மறந்த அந்த ஒரு நிமிடம் அதில் உண்டு. வேலிக்கு அப்பால் நின்றவர்களும் உளர். எங்கெங்கு வெட்டினேனோ அங்கங்கே திரையைக் கறுப்பாக்கி, இங்கு இத்தனை நிமிடப் பேச்சு விடப்பட்டுள்ளது என்று எழுத்தில் இட்டுள்ளேன். நான்கு மணி நேர மூலப்பதிவின் பிரதிகளுள் ஒன்றை அவருடைய பேரப்பிள்ளைகளிடமும் மற்றொன்றை எங்கள் பகுதி விரிவுரையாளர் ஒருவரிடமும் கொடுத்துள்ளேன். பார்த்த நண்பர்கள், முதற்படமே நன்று, இது நீளம் என்கின்றனர். அவர்கள் கூறுவது சரியாகவும் இருக்கலாம்.

முதியவருக்கும் புதிய படத்தைக் காட்டினேன். ஆர்மோனியக்காரரின் பெயர் வந்த இடத்தில் நிறுத்தச் சொன்னார். அதே இடத்தை இரண்டுமுறை திரும்பக் கேட்டார். படம் நன்றென்றோ தீதென்றோ அவர் சொல்லவில்லை. கறுப்புத்திரை வந்த இடமொன்றில் மட்டும், “இதிலை என்ன சொன்னனான்?” என்று கேட்டார். நான் சொன்னேன்; தலையசைத்துக்கொண்டார். காட்டாது விட்டதைப் பற்றிக் கேட்பதற்கு ஓரிடமும், கேட்டால் விடை கூறுவதற்கு ஒருவனும் இருத்தல் வேண்டும். அவ்வளவையேனும் உறுதிசெய்தல், பிறர் கலையைத் தன் கருவியில் ஏற்றுக்கொள்ளும் எவனுக்கும் உரிய கடன் என்பதே எனது துணிபு.